பசி போட்ட கணக்கா? தாய் போட்ட கணக்கா?

29 மான்கள் 6,000 மான்கள் ஆயின.

6,000 மான்கள் 42 மான்கள் ஆயின.

இடையில் சென்ற காலம் 22 ஆண்டுகள்தான்!

இது கட்டுக்கதை அல்ல. உண்மையில் நடந்தது.

அமெரிக்காவின் வடகோடியில் அலாஸ்கா என்ற பனிப் பிரதேசம் இருக்கிறது. அதற்கு மேற்கே பேரிங் கடல். அந்தக் கடலின் நடுவே செயின்ட் மாத்யூ என்று ஒரு தீவு. நீளம் சுமார் 50 கிலோ மீட்டர். அகலமோ மிகக் குறைவு. அங்கே மனிதர்கள் குடியிருப்பது இல்லை.

இரண்டாவது உலக யுத்தத்தின்போது, அமெரிக்கக் கடற்காவல் படை அந்தத் தீவில் ஒரு ரேடியோ நிலையம் அமைத்தது. கப்பல்களுக்கும் விமானங்களுக்கும் வழி காட்டுவது அதன் வேலை. புயலில் உணவுக் கப்பல் வராமல் போனால் வீரர்கள் எதைச் சாப்பிடுவார்கள்? அதற்காக 1944ஆம் ஆண்டில் 29 பனிமான்களைக் கொண்டுபோய் அங்கே விட்டார்கள். 24 பெண் மான்கள். 5 ஆண் மான்கள்.

யுத்தம் முடிந்தது. வீரர்கள் ஊர் திரும்பினார்கள். மான்கள் தீவிலேயே தங்கிவிட்டன.

மான்களுக்கு அது சொர்க்கம்! துரத்துவதற்கு ஓநாய் இல்லை. சுடுவதற்கு வேட்டைக்காரன் இல்லை. தரை எங்கும் லைக்கன் என்ற ஒருவகைப் பாசி, மெத்தை விரித்ததுபோல் கிடந்தது. குளிர்காலத்தில் பனிமானுக்கு அதுதான் சோறு.

1957ஆம் ஆண்டில் டேவிட் கிளைன் என்ற விஞ்ஞானி அந்தத் தீவுக்குப் போனார். மான்களை எண்ணினார். 1,350 இருந்தன! எல்லாம் கொழுகொழு என்று இருந்தன.

1963ஆம் ஆண்டில் மறுபடியும் போனார். 6,000 மான்கள்! ஆனால் பழைய கொழுப்பு இல்லை. உடல் எடை குறைந்திருந்தது. குட்டிகளும் முன்போல் இல்லை. பாசி மெத்தை தேய்ந்துபோய்க் கிடந்தது.

அடுத்து ஒரு கடுமையான குளிர்காலம் வந்தது. தின்பதற்கு ஒன்றும் இல்லை.

1966ஆம் ஆண்டில் அவர் மூன்றாவது முறை போனபோது, தீவு எங்கும் எலும்புகள்! உயிரோடு நின்றவை 42. அவற்றில் 41 பெண். ஒன்றே ஒன்றுதான் ஆண். அதுவும் சுகம் இல்லாத மான். புதிய குட்டி ஒன்றுகூட இல்லை. பின்னர் அந்தக் கூட்டமே பூண்டோடு அழிந்தது.

ஜனத்தொகை என்று பேச்சு எழுந்தால், நம்மில் பலர் மனிதனையும் இந்த மானைப்போலவே நினைக்கிறோம். "விட்டால் பெருகுவார்கள். அடக்க வேண்டும்" என்கிறோம். இல்லாவிட்டால், "குறைகிறார்கள். பெருக்க வேண்டும்" என்கிறோம்.

மனிதனுடைய கணக்கு வேறு. அந்த வேறுபாட்டைப் புரிந்துகொள்ளாமல் பல நாடுகளின் சர்க்கார்கள் தங்கள் மக்களுக்குப் பெரும் தீங்கு செய்துவிட்டன. அந்தத் தீங்கு நம் வாசலுக்கும் வரலாம். அதனால்தான் இதை எழுத வேண்டியிருக்கிறது.

வட்டி போடும் குட்டி

முதலில் கூட்டம் எப்படிப் பெருகுகிறது என்று பார்ப்போம்.

கடன் வாங்கியவர்களுக்கு இது நன்றாகத் தெரியும். வட்டி குட்டி போடும். அந்தக் குட்டியும் வட்டி போடும்! உயிர்களின் பெருக்கமும் இப்படித்தான். இன்று பிறந்த குட்டி நாளை தாய் ஆகிறது.

அந்தத் தீவில் மான் கூட்டம் சுமார் இரண்டரை ஆண்டுக்கு ஒருமுறை இரண்டு பங்கு ஆயிற்று. 29 என்பது 58. 58 என்பது 116. 116 என்பது 232. தொடக்கத்தில் கண்ணுக்குத் தெரியாது. கடைசியில் கண்ணைக் கட்டிவிடும்!

ஒரு விடுகதை. குளத்தில் ஆகாயத்தாமரை படர்கிறது. ஒவ்வொரு நாளும் அது இரண்டு பங்கு ஆகிறது. 30ஆம் நாள் குளம் முழுவதும் மூடிவிடுகிறது. அப்படியானால் பாதிக் குளம் மூடியது எந்த நாள்?

15ஆம் நாள் என்று சொல்லாதீர்கள். 29ஆம் நாள்! 25ஆம் நாளில் பார்த்தால், குளத்தில் 32இல் ஒரு பங்குதான் மூடியிருக்கும். "இவ்வளவு தண்ணீர் இருக்கிறதே, என்ன கவலை?" என்று சொல்லத் தோன்றும். இன்னும் ஐந்தே நாள்தான் பாக்கி!

இட்லி மாவு சொல்லும் பாடம்

எந்த உயிரும் முடிவே இல்லாமல் பெருக முடியாது. அதை உங்கள் வீட்டு அடுக்களையிலேயே பார்க்கலாம்.

இரவில் இட்லி மாவு கரைத்து வைக்கிறீர்கள். அதில் கண்ணுக்குத் தெரியாத நுண்ணுயிர்கள் இருக்கின்றன. மாவைத் தின்று அவை பெருகுகின்றன. மாவு பொங்குகிறது. அதே உயிர்கள் புளிப்பையும் உண்டாக்குகின்றன. புளிப்பு ஏற ஏற, அவற்றால் முன்போல் பெருக முடிவதில்லை. தாங்கள் விட்ட கழிவே தங்களுக்கு வேலி ஆகிவிடுகிறது!

உணவு, இடம், நோய், எதிரி, கழிவு. இவைதான் இயற்கை போடும் வேலிகள்.

1838ஆம் ஆண்டில் பெல்ஜியம் நாட்டுக் கணித அறிஞர் வெர்ஹுல்ஸ்ட் இதைக் கணக்காகவே எழுதிக் காட்டினார். கூட்டம் முதலில் மெல்லப் பெருகும். பிறகு வேகமாகப் பெருகும். வேலி நெருங்க நெருங்க மறுபடியும் மெல்லப் பெருகும். கடைசியில் ஓர் அளவில் நின்றுவிடும். அந்த இடம் தாங்கக்கூடிய அளவு அது.

அப்படியானால் மான்கள் ஏன் அந்த அளவில் நிற்கவில்லை?

லைக்கன் பாசி மிக மிக மெல்ல வளர்வது. ஆண்டுதோறும் வளர்வதை மட்டும் தின்றால், அது வட்டியைத் தின்பது. மான்களோ முதலையே தின்றுவிட்டன! முதல் போன பிறகு வட்டி ஏது?

மனிதனையும் பசி எண்ணியது

"மனிதனுக்கும் இதே கதிதான்" என்று ஒருவர் எழுதினார். இங்கிலாந்து நாட்டுப் பாதிரியார் மால்தஸ். ஆண்டு 1798. மக்கள் வட்டிக்கு வட்டிபோல் பெருகுவார்கள், உணவு அப்படிப் பெருகாது, பஞ்சமும் நோயும்தான் கணக்கைத் தீர்க்கும் என்பது அவருடைய வாதம்.

அவர் சொன்னது வீண் பயம் அல்ல. நம் பாட்டன் பூட்டன் காலம் அப்படித்தான் இருந்தது.

1876 முதல் 1878 வரை தமிழகத்தை வாட்டிய தாது வருடப் பஞ்சத்தைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். லட்சக்கணக்கான மக்கள் சோறு இல்லாமல் மடிந்தார்கள். 1918ஆம் ஆண்டில் இன்புளூயன்சா என்ற விஷக் காய்ச்சல் வந்தது. இந்தியாவில் மட்டும் ஒரு கோடி பேருக்கு மேல் மாண்டார்கள்.

1911ஆம் ஆண்டு மக்கள் கணக்கெடுப்பில் இந்தியாவின் ஜனத்தொகை சுமார் 25 கோடியே 21 லட்சம். 1921ஆம் ஆண்டில் அது 25 கோடியே 13 லட்சம். பத்து ஆண்டுகளில் கூடுவதற்குப் பதிலாகக் குறைந்துவிட்டது!

அந்தக் காலத்தில் தாய்மார்கள் ஆறு பெற்றார்கள், எட்டு பெற்றார்கள். ஆனால் வளர்ந்து ஆளானது எத்தனை? தொட்டில் ஆடிய வீட்டிலேயே பாடையும் கட்டினார்கள். அன்று மக்கள் கூட்டத்துக்கு வேலி போட்டது பசியும் நோயும்தான். மானுக்கும் மனிதனுக்கும் அப்போது அதிக வேறுபாடு இல்லை.

சாவு குறைந்தது. கூட்டம் பெருகியது

பிறகு என்ன நடந்தது?

தடுப்பூசி வந்தது. மலேரியா கொசுவுக்கு மருந்து அடித்தார்கள். குடிதண்ணீர்க் குழாய் வந்தது. கிராமத்துக்கு நர்சு வந்தார். கோடி கோடியாக உயிர் குடித்த பெரியம்மை, இந்தியாவில் 1975ஆம் ஆண்டோடு ஒழிந்தது.

1951ஆம் ஆண்டில் இந்தியாவின் ஜனத்தொகை 36 கோடி. 2011ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் 121 கோடி. அதே காலத்தில் தமிழ்நாடு 3 கோடியிலிருந்து 7 கோடியே 21 லட்சம் ஆயிற்று.

"நம் ஜனங்கள் கணக்கு இல்லாமல் பெற்றுத் தள்ளினார்கள்" என்று சிலர் ஏளனம் செய்வது உண்டு. அது சரி அல்ல. நம் தாய்மார்கள் முன்னைவிட அதிகமாகப் பெறவில்லை. பெற்ற பிள்ளைகள் சாகவில்லை! பிறப்பு அப்படியே இருந்தது. சாவு குறைந்தது. கூட்டம் பெருகியதற்குக் காரணம் அதுதான். இதில் வெட்கப்பட என்ன இருக்கிறது?

மால்தஸ் சொன்ன பஞ்சம் வந்ததா? 1950-51ஆம் ஆண்டில் இந்தியாவில் விளைந்த தானியம் சுமார் 5 கோடி டன். 2022-23ஆம் ஆண்டில் சுமார் 33 கோடி டன். மக்கள் நான்கு பங்கு ஆனார்கள். தானியம் ஆறு பங்குக்கு மேல் ஆயிற்று! 1960களில் வந்த புதிய நெல், கோதுமை விதைகளும், உரமும், பாசனமும் இதைச் செய்தன. மான் புல் விதைப்பது இல்லை. மனிதன் விதைக்கிறான்.

வயிறு நிறைந்தால் என்ன ஆகும்?

இனிமேல்தான் அதிசயம்.

மானுக்கு வயிறு நிறைந்தால் குட்டி அதிகம். வயிறு காய்ந்தால் குட்டி குறைவு. மனிதனோ இதற்கு நேர்மாறாக நடந்துகொண்டான்! சோறு கிடைத்தது. மருந்து கிடைத்தது. பள்ளிக்கூடம் கிடைத்தது. உடனே குழந்தைகள் குறைந்தன.

1992-93ஆம் ஆண்டில் தேசியக் குடும்ப நல ஆய்வு நடந்தது. தமிழ்நாட்டில் 10 தாய்மார்களுக்கு 25 குழந்தைகள் என்று கணக்கு வந்தது. 2019-21ஆம் ஆண்டு ஆய்வில் அது 18 ஆகக் குறைந்தது. இந்தியா முழுவதும் சேர்த்துப் பார்த்தால் 34ஆக இருந்தது 20 ஆயிற்று. ஜனத்தொகை கூடாமல் குறையாமல் நிற்க வேண்டுமானால் 21 வேண்டும்.

இந்த வேலியைப் போட்டது யார்? பசியா? இல்லை. நோயா? இல்லை. தாய்!

இதற்கு மூன்று காரணங்கள்.

முதல் காரணம், பிள்ளை பிழைக்கும் என்ற நம்பிக்கை. முன்பெல்லாம் "இரண்டு போனாலும் இரண்டாவது தங்கட்டும்" என்று பெற்றார்கள். 1992-93ஆம் ஆண்டு ஆய்வின்படி, தமிழ்நாட்டில் 1,000 குழந்தைகள் பிறந்தால் ஒரு வயதுக்குள் சுமார் 68 குழந்தைகள் இறந்தன. 2019-21ஆம் ஆண்டு ஆய்வில் அது சுமார் 19. பிழைக்கும் என்று தெரிந்த பிறகு, எதற்கு எட்டு?

இரண்டாவது காரணம், பெண் படித்தாள். 1956ஆம் ஆண்டில் காமராஜர் ஆட்சியில் மதிய உணவுத் திட்டம் பரவியது. 1982ஆம் ஆண்டில் எம்.ஜி.ஆர். ஆட்சியில் அது சத்துணவுத் திட்டமாக விரிந்தது. பசிக்காகப் பள்ளிக்கு வந்த பெண் குழந்தை எழுத்தையும் கற்றுக்கொண்டாள். படித்த பெண்ணுக்குக் கல்யாணம் தள்ளிப் போயிற்று. தனக்கு என்ன வேண்டும் என்று வாய் திறந்து சொல்லவும் தெரிந்தது.

மூன்றாவது காரணம், வழி கிடைத்தது. 1952ஆம் ஆண்டிலேயே இந்தியா குடும்பக் கட்டுப்பாட்டைச் சர்க்கார் திட்டமாக ஏற்றது. உலகில் முதலில் அப்படிச் செய்த நாடு நம் நாடுதான். சிவப்பு முக்கோணம் சுவர் எங்கும் தெரிந்தது. வேண்டும் என்று நினைத்த தாய்க்குப் பக்கத்திலேயே ஆஸ்பத்திரி இருந்தது.

நம்பிக்கை, படிப்பு, வழி. இந்த மூன்றும் கிடைத்தால், குடும்பம் தன் கணக்கைத் தானே போட்டுக்கொள்ளும். யாரும் தடி எடுக்க வேண்டியது இல்லை.

தடி எடுத்தவர்கள்

ஆனாலும் சிலர் தடி எடுத்தார்கள். என்ன ஆயிற்று?

நம் நாட்டிலேயே நெருக்கடி நிலைக் காலத்தில் எடுத்தார்கள். 1976-77ஆம் ஆண்டில் மட்டும் 80 லட்சம் பேருக்கு மேல் கருத்தடை ஆபரேஷன் நடந்தது. பெரும்பாலோர் ஆண்கள். வட மாநிலங்களில் பலரைப் பலவந்தமாகவே இழுத்துக்கொண்டு போனார்கள். மக்கள் கொதித்தார்கள். 1977ஆம் ஆண்டுத் தேர்தலில் அந்த ஆட்சி வீழ்ந்தது.

சீனா 1980ஆம் ஆண்டில் "ஒரு வீட்டுக்கு ஒரே பிள்ளை" என்று உத்தரவு போட்டது. மீறியவர்களுக்கு அபராதம் போட்டார்கள். கட்டாயக் கருக்கலைப்பும் நடந்தது. ஆனால் அந்த உத்தரவுக்கு முன்பே, 1970களிலேயே, அங்கே ஒரு தாய்க்கு ஐந்துக்கு மேல் என்பது மூன்றுக்குக் கீழே வந்திருந்தது! பிறகு பயம் வந்தது. 2016இல் இரண்டு பெறலாம் என்றார்கள். 2021இல் மூன்று பெறலாம் என்றார்கள். மக்கள் பெறவில்லை. 2022ஆம் ஆண்டிலிருந்து சீனாவின் ஜனத்தொகை குறையத் தொடங்கிவிட்டது.

ருமேனியா நாடு மறுபக்கம் தடியைத் திருப்பியது. "நிறையப் பெறுங்கள்" என்று 1966ஆம் ஆண்டில் கருக்கலைப்பைத் தடை செய்தது. கருத்தடைச் சாதனங்களும் கிடைக்காமல் போயின. மறு ஆண்டு பிறப்பு ஏறக்குறைய இரண்டு பங்கு ஆயிற்று. பிறகு மறுபடியும் இறங்கியது. திருட்டுத்தனமாகக் கருவைக் கலைக்கப் போய் ஆயிரக்கணக்கான தாய்மார்கள் இறந்தார்கள். வளர்க்க வழி இல்லாத பிள்ளைகள் அனாதை விடுதிகளில் நிரம்பினார்கள். 1989ஆம் ஆண்டில் ஆட்சி கவிழ்ந்தது. சட்டமும் ஒழிந்தது.

குறைக்கச் சொன்ன தடியும் தோற்றது. பெருக்கச் சொன்ன தடியும் தோற்றது. அடி வாங்கியது மட்டும் பெண்!

இப்போது ஒரு புதுப் பேச்சு

நம் நாட்டிலும் காற்று திசை மாறி அடிக்கத் தொடங்கியிருக்கிறது.

2024ஆம் ஆண்டில் ஆந்திர முதல்-அமைச்சர் சந்திரபாபு நாயுடு, அதிகமாகக் குழந்தை பெற வேண்டும் என்று பேசினார். 2025ஆம் ஆண்டில் தமிழ்நாட்டு முதல்-அமைச்சர் மு.க.ஸ்டாலினும், புதுமணத் தம்பதிகள் சீக்கிரம் குழந்தை பெற வேண்டும் என்றார். ஜனத்தொகை குறைந்தால் பாராளுமன்றத் தொகுதிகளும் குறைந்துவிடும் என்பது கவலை. முதியோர் பெருகுகிறார்களே என்பதும் கவலை. 2021ஆம் ஆண்டு மதிப்பீட்டின்படி, தமிழ்நாட்டில் 100 பேரில் சுமார் 14 பேர் 60 வயது தாண்டியவர்கள்.

கவலைகள் நியாயமானவை. குடும்பத்தைச் சிறிதாக்கிய மாநிலத்துக்குத் தண்டனை கொடுப்பது அநீதி. ஆனால் தொகுதிக் கணக்கை டில்லியில் வாதாடித் தீர்க்க வேண்டும். அதைப் பிரசவ அறையில் தீர்க்கப் பார்க்கக் கூடாது. முதியோருக்கு வேண்டியது பென்ஷன், மருத்துவம், பக்கத்துணை. இன்று பிறக்கும் குழந்தை ஆளாகிச் சம்பாதிக்க இருபது ஆண்டுகள் ஆகும். இன்றைய பாட்டிக்கு இன்றே மருந்து வேண்டுமே!

குழந்தை வேண்டும் என்று ஆசைப்பட்டும், செலவுக்குப் பயந்து தள்ளிப்போடும் தம்பதிகள் இருக்கிறார்கள். அவர்களுக்கு உதவட்டும். வீட்டு வாடகை, பள்ளிச் சம்பளம், வேலைக்குப் போகும் தாய்க்குப் பிள்ளை பார்த்துக்கொள்ளும் இடம். இவற்றைக் கவனிக்கட்டும். உதவி செய்யலாம். உத்தரவு போடக் கூடாது.

அப்படியானால் பயமே வேண்டாமா?

வேண்டும். ஆனால் பயப்பட வேண்டிய இடம் வேறு.

2022ஆம் ஆண்டு நவம்பரில் உலக ஜனத்தொகை 800 கோடியைத் தாண்டியது. ஆயினும் பெருகும் வேகம் 1960களில் இருந்ததில் பாதிகூட இல்லை. இந்த நூற்றாண்டுக்குள்ளேயே உச்சியைத் தொட்டு இறங்கும் என்று ஐக்கிய நாடுகள் சபை 2024ஆம் ஆண்டில் மதிப்பிட்டது.

தலைகளின் எண்ணிக்கை தானே அடங்கிவருகிறது. அடங்காதது நம் தேவை! நம் பக்கத்தில் போர் போட்டால் 1,000 அடிக்குக் கீழே போகும் ஊர்கள் உண்டு. மழை தரும் வட்டியைத் தாண்டி, நிலத்தடியில் இருக்கும் முதலைக் குடிக்கிறோம். அந்தத் தீவு மான் செய்ததும் இதைத்தானே? மானிடமிருந்து பாடம் படிக்க வேண்டுமானால், இங்கே படிப்போம். ஏரியைத் தூர்வாருவதில் படிப்போம்.

வீட்டுக்கு வீடு ஒரு கேள்வி

கணக்குப் போடும் உரிமை தாய்க்கு வந்துவிட்டதாகச் சொன்னேன். முழுவதும் வந்துவிட்டதா?

2019-21ஆம் ஆண்டு ஆய்வைப் பாருங்கள். இந்தியாவில் பிள்ளை பெறும் வயதில் உள்ள, மணமான 100 பெண்களில் 38 பேர் கருத்தடை ஆபரேஷன் செய்துகொண்டவர்கள். கணவன் செய்துகொண்டது எத்தனை வீட்டில்? ஆயிரத்துக்கு மூன்று! ஆணுக்குச் செய்யும் ஆபரேஷன் சிறியது. எளியது. அன்றே வீடு திரும்பலாம். ஆனாலும் பெற்ற வயிற்றையே மறுபடியும் கிழிக்கச் சொல்கிறோம். பத்து மாதம் சுமந்தது அவள். இதையாவது நீங்கள் சுமக்கக் கூடாதா, ஐயா?

அதே ஆய்வு இன்னொன்றும் சொல்கிறது. தமிழ்நாட்டில் 20 முதல் 24 வயதுள்ள 100 பெண்களில் சுமார் 13 பேருக்கு 18 வயது முடியும் முன்பே கல்யாணம் முடிந்திருக்கிறது. அந்தப் பெண்ணுக்குக் கணக்குப் போடும் உரிமை எங்கே?

"அடுத்தது ஆண் பிள்ளையாகப் பெற்றுக் கொடு" என்று மருமகளை நச்சரிக்கும் மாமியார்மாரே! "விசேஷம் ஒன்றும் இல்லையா?" என்று கல்யாண வீட்டில் கேட்கும் அத்தைமாரே! நீங்களும் ஒரு காலத்தில் இந்தக் கேள்வியில் வெந்தவர்கள்தானே?

ஒரு காலத்தில் நம் வீட்டுப் பிள்ளைகளைப் பசி எண்ணியது. பிறகு சில நாடுகளில் சர்க்கார் எண்ணியது. இரண்டு கணக்கிலும் கண்ணீர்தான் மிஞ்சியது. எத்தனை பிள்ளை, எப்போது, வேண்டுமா வேண்டாமா என்பதைப் பெறுகிறவள் சொல்லட்டும். கணவன் துணை நிற்கட்டும். பிறந்த பிள்ளை பிழைக்கவும் படிக்கவும் சர்க்கார் வழி செய்யட்டும்.

மற்ற கணக்கைத் தாய் பார்த்துக்கொள்வாள்!